காந்தஹாரை யாரிடம் ஒப்படைப்பது? 1704ல் இஸ்பஹான் முன் இருந்த வழிகள்

1558ல் ஷா தஹ்மாஸ்ப் காந்தஹாரைப் பிடித்ததிலிருந்து எண்ணினால், இரானை ஆண்ட சபவிப் பேரரசு அந்த ஊரை மூன்று முறை பறிகொடுத்திருக்கிறது: 1595, 1638, 1709. ஒரு முறைகூட எதிரி மதிலை உடைத்து உள்ளே வரவில்லை. முதல் இரண்டு முறையும் சபவி ஆளுநரே கோட்டையை முகலாயரிடம் ஒப்படைத்தார். மூன்றாவது முறை ஆளுநரையே உள்ளூர்த் தலைவர் ஒருவர் விருந்துக்கு அழைத்துக் கொன்றார். ஆனால் 1649, 1652, 1653 ஆகிய ஆண்டுகளில் அவுரங்கசீப்பும் அவருக்குப் பின் தாரா ஷுக்கோவும் பெரும்படையோடு வந்து முற்றுகையிட்டபோது, மூன்று தடவையும் வெறுங்கையோடுதான் திரும்பினார்கள். ஆகவே காந்தஹாரைப் பொறுத்தவரை மதிலைவிட, மதிலுக்குள் யாரை உட்கார வைப்பது என்பதுதான் பெரிய கேள்வி.

1704ல் தலைநகர் இஸ்பஹானில் இருந்த ஷா சுல்தான் ஹுசைனின் அரண்மனை இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. பலூச்சிகள் கெர்மான் பக்கம் கொள்ளையடித்துப் பழகியிருந்தார்கள். காபூலில் அவுரங்கசீப்பின் மகன் ஷா ஆலம் சுபேதாராக, அதாவது முகலாய மாகாண ஆளுநராக, இருந்தார். காந்தஹாரைச் சுற்றியிருந்த கில்சாய் ஆப்கானியர்களும் அடங்கி இருக்கவில்லை. புதிய பெக்லர்பெகியாக, அதாவது மாகாணப் பேராளுநராக, யாரை அனுப்புவது? இளவரசர், படைக்குலத் தலைவர், குலாம் என்ற அரண்மனை அடிமை, வரி வசூலிக்கும் வெறும் வசீர், வாலி என்ற பரம்பரை உள்ளூர் அரசர் என ஐந்து வகை ஆட்சியையும் சபவிகள் ஏதாவதொரு மாகாணத்தில் செய்து பார்த்துவிட்டார்கள். ஒவ்வொன்றும் எங்கே நின்றது, எங்கே சரிந்தது என்று பார்த்தால் விடை கிடைக்கும்.

முதலில், வேலை என்ன?

இஸ்பஹானிலிருந்து காந்தஹார் நேர்க்கோட்டிலேயே சுமார் 1,300 கி.மீ. இடையில் பாலைவனம். காபூலிலிருந்து கஜினி வழியாக வந்தால் சுமார் 500 கி.மீ.தான். எதிரியின் படை வந்து சேரும் வேகத்தில் சொந்தப் படை வந்து சேராது. ஆளுநர் முதலில் மனத்தில் இருத்த வேண்டியது இதை.

இரண்டாவது, பருவம். குளிர்காலத்தில் காபூல் பக்கத்துக் கணவாய்களைப் பனி அடைத்துவிடும். ஷா இரண்டாம் அப்பாஸ் 1648 டிசம்பரில் காந்தஹாரை வளைத்து அடுத்த பிப்ரவரியில் பிடித்தது இந்தக் கணக்கில்தான். முகலாயத் தளபதி தௌலத் கானுக்கு உதவிப்படை வர வழியே இல்லை. முகலாயர் திருப்பி முற்றுகையிட வந்ததோ பனி உருகிய பிறகு, மே மாதத்தில். மீண்டும் பனி விழுவதற்குள் அவர்கள் கூடாரத்தைச் சுருட்டியாக வேண்டும். ஆக, கோட்டைக்காரன் தாக்குப்பிடிக்க வேண்டியது ஒரு கோடைகாலம். அந்தச் சமயத்தில் அர்கந்தாப் ஆற்றங்கரையில் விளைந்து நிற்கும் பயிர் முற்றுகையிட்டவனுக்குத்தான் தீனியாகும். உள்ளே இருப்பவனுக்கு உதவாது. அதனால் போன ஆண்டுத் தானியம், தீவனம், வெடிமருந்து, ஈயம் எல்லாம் வசந்தம் பிறக்கும்முன் கோட்டைக்குள் இருந்தாக வேண்டும். களஞ்சியத்தில் என்ன இருக்கிறது என்று ஒவ்வொரு மார்ச்சிலும் எண்ணிப் பார்க்காத ஆளுநர் எவ்வளவு பெரிய வீரராக இருந்தாலும் பயனில்லை.

மூன்றாவது, சாலை. முல்தானிலிருந்து வரும் பருத்தித் துணியும் அவுரியும் இந்த வழியாகத்தான் இரானுக்குள் போயின. சுங்கம் நல்ல வருமானம். ஆனால் சாலையின் இருபுறமும் இருந்தவர்கள் கில்சாய், அப்தாலி, காக்கர், பலூச்சி இனத்தார். அவர்கள் மனது வைத்தால்தான் வணிகக் கூட்டம் நடமாடும்.

ஆளுநரைச் சுற்றி இருந்த கண்கள்

சபவி ஆளுநர் தனிக்காட்டு ராஜா இல்லை. மாகாண வருவாயில் ஒரு பகுதி அவருக்குத் தியூலாக, அதாவது சம்பளத்துக்கு ஈடான வரி உரிமையாக, ஒதுக்கப்படும். அதைக்கொண்டு குறிப்பிட்ட எண்ணிக்கையில் படைவீரர்களை அவர் வைத்திருக்க வேண்டும். பாரசீகப் புத்தாண்டான நவ்ரூஸ் அன்று ஷாவுக்குக் காணிக்கை அனுப்ப வேண்டும். பதிலுக்கு ஷா மரியாதை அங்கி அனுப்பினால், ஆளுநர் ஊருக்கு வெளியே குதிரையில் போய், அங்கேயே அதை அணிந்துகொண்டு, ஊர் பார்க்கத் திரும்பி வருவார். அங்கி வந்தால் பதவி நிலைத்தது என்று பொருள். வர வேண்டிய காலத்தில் வராவிட்டால் கடைத்தெருவில்கூடப் பேச்சு கிளம்பிவிடும்.

இதற்கு மேல் மூன்று பேர் அவருக்குக் கட்டுப்படாமல் நேரே இஸ்பஹானுக்குப் பதில் சொல்பவர்கள். வரிக்கணக்கைப் பார்க்கும் வசீர், நடப்பதை எழுதி அனுப்பும் வகாயி-நவீஸ் என்ற செய்தி எழுத்தர், கோட்டைச் சாவியை வைத்திருக்கும் கோட்டைத் தலைவர். சாவி ஒருவரிடம், பணம் ஒருவரிடம், பேனா ஒருவரிடம் என்ற இந்த ஏற்பாடு மிக நல்ல ஏற்பாடு. யாரை ஆளுநராக அனுப்பினாலும் இந்த மூவரும் உண்மையிலேயே தனித்து நிற்கிறார்களா என்பதைப் பொறுத்தே மற்றதெல்லாம் அமையும். ஆளுநர் தன் ஆட்களையே இந்த மூன்று இடங்களிலும் நிரப்பிவிட்டால், வேலியே பயிரை மேயத் தொடங்கிவிடும்.

இளவரசரை அனுப்பினால்

1558க்குப் பிறகு காந்தஹார் தஹ்மாஸ்பின் தம்பி மகன் சுல்தான் ஹுசைன் மிர்சாவிடம் இருந்தது. அவருக்குப் பின் அவர் பிள்ளைகளிடம். அரச ரத்தம் என்பதால் உள்ளூரில் மதிப்பு உண்டு. 37 ஆண்டு ஓடியது. சிக்கல் என்னவென்றால், அரச ரத்தம் உள்ள ஒவ்வொருவரும் அரியணையில் இருப்பவருக்குப் போட்டியாளர். 1576–77ல் ஷா இரண்டாம் இஸ்மாயில் தன் குடும்பத்து இளவரசர்களையே வரிசையாகக் கொன்றார். காந்தஹார்க் கிளை தப்பிப் பிழைத்தது. பிழைத்தவர்களுக்கு அந்தப் பயம் போகுமா? அண்ணன் முசாபர் ஹுசைனுக்கும் தம்பி ருஸ்தமுக்கும் ஆகவில்லை. வடக்கிலிருந்து உஸ்பெக் நெருக்கடி. இஸ்பஹானிலிருந்தோ அப்போதைய தலைநகர் கஸ்வீனிலிருந்தோ உதவி வரவில்லை. 1593ல் ருஸ்தம் அக்பரிடம் போய்ச் சேர்ந்து முல்தானை வாங்கிக்கொண்டார். 1595ல் முசாபர் ஊரையே கொடுத்துவிட்டுக் கிளம்பினார். அவர் மகள்தான் பின்னாளில் ஷாஜகானின் முதல் மனைவியான காந்தஹாரி பேகம். எல்லைக்கு அந்தப் பக்கம் எவ்வளவு நல்ல வரவேற்பு காத்திருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம்.

சிறுவனான இளவரசரைப் பெயருக்கு வைத்து, ஒரு லாலாவை, அதாவது வளர்ப்புக் காவலரை, ஆளவிடுவது இதன் இன்னொரு வடிவம். ஹெராத்தில் அப்படி வளர்ந்த சிறுவன்தான் அப்பாஸ். அங்கிருந்த அமீர்கள் 1581ல் அவனைத் தந்தைக்கு எதிராகவே ஷா என்று அறிவித்தார்கள். 1587ல் முர்ஷித் குலி கான் அவனைக் கஸ்வீனுக்குக் கொண்டுபோய் அரியணையில் ஏற்றினார். ஷா ஆன அப்பாஸ் சீக்கிரமே முர்ஷித் குலியைக் கொல்லச் செய்தார். பிற்பாடு இளவரசர்களை மாகாணத்துக்கு அனுப்பும் வழக்கத்தையே நிறுத்தி அந்தப்புரத்தில் வளர்க்க வைத்தார். இந்தக் கதவு 1704ல் மூடிக் கிடந்தது, மூடியே இருக்கட்டும். அந்தப்புரத்தில் வளர்ந்த இளவரசரை நேராகக் காந்தஹாருக்கு அனுப்புவதில் அர்த்தமில்லை.

படைக்குலத் தலைவரும் அவர் மகனும்

ஒரு கிசில்பாஷ் குலத்தின், அதாவது சபவிகளை அரியணை ஏற்றிய துருக்மேன் படைக்குலத்தின், தலைவரை, அவர் ஆட்களோடும் மந்தையோடும் எல்லையில் குடியேற்றுவது பழைய சபவி முறை. இது நன்றாக நடந்த இடம் ஹெராத். 1598ல் உஸ்பெக்குகளிடமிருந்து மீட்ட பிறகு ஹுசைன் கான் ஷாம்லு அங்கே ஆளுநரானார். அவருக்குப் பின் மகன் ஹசன் கான், பிறகு பேரன் அப்பாஸ் குலி கான். மூன்று தலைமுறை, எழுபது ஆண்டுக்குக் குறையாமல். ஹெராத்தைச் சுற்றி அவர்களுக்கு ஆளும் மேய்ச்சல் நிலமும் இருந்தன. ஊரை இழந்தால் தாங்களே நடுத்தெருவில் நிற்க வேண்டும் என்பதால் உயிரைக் கொடுத்துக் காத்தார்கள்.

காந்தஹாரிலும் இதையே முயன்றார்கள். 1622ல் ஷா அப்பாஸ் ஊரை மீட்டார். ஜஹாங்கீர் தன் மகன் குர்ரமை, பின்னாளைய ஷாஜகானை, படையோடு போகச் சொன்னார். அவர் மறுத்து, கலகத்தில் இறங்கினார். மீட்ட ஊரை அப்பாஸ், கெர்மானை இருபத்தைந்து ஆண்டு ஆண்ட குர்துத் தலைவர் கஞ்ச் அலி கானிடம் கொடுத்தார். கெர்மான் கடைவீதியில் அவர் கட்டிய சத்திரமும் குளியல் மண்டபமும் இன்றைக்கும் நிற்கின்றன; ஓர் ஊரை எப்படி வைத்திருப்பது என்று அறிந்த மனிதர். இரண்டு மூன்று ஆண்டில் அவர் இறந்ததும் மகன் அலி மர்தான் கானுக்குப் பதவி போனது. இதுவரை எல்லாம் சரி.

பிழை காந்தஹாரில் நடக்கவில்லை, இஸ்பஹானில் நடந்தது. 1632ல் ஷா ஸஃபி, ஃபார்ஸ் மாகாணத்தின் பெரும் ஆளுநர் இமாம் குலி கானைப் பிள்ளைகளோடு கொன்றார். பத்து ஆண்டுக்கு முன் ஹோர்முஸை வென்று கொடுத்தவர் அவர். அவருக்கே இந்தக் கதி என்றால் மற்றவர்களுக்கு? 1635ல் எரிவான் கோட்டையை உதுமானியச் சுல்தான் நான்காம் முராத் வளைத்தபோது, அங்கே ஆளுநராக இருந்த தஹ்மாஸ்ப் குலி கான், முந்தைய ஆளுநர் அமீர்குனா கானின் மகன், சரணடைந்து இஸ்தான்புல்லில் குடியேறினார். அங்குள்ள எமிர்கான் பகுதி அவர் பெயரில்தான் இருக்கிறது. 1638ல் அலி மர்தானுக்கு அழைப்பு வந்தது. பிரதம வசீர் சாரு தகி கணக்குக் கேட்கிறார், ஷா நேரில் வரச் சொல்கிறார். போனால் தலை இருக்காது என்று அவர் நினைத்தார். கோட்டையை ஷாஜகானிடம் கொடுத்தார். காஷ்மீர், லாகூர், காபூல் என்று அடுத்தடுத்துப் பதவிகள் அவருக்குக் கிடைத்தன.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். எரிவானும் காந்தஹாரும் இரண்டு வெவ்வேறு மூலைகள். எதிரிகளும் வேறு வேறு. ஆனால் மூன்றே ஆண்டு இடைவெளியில் ஒரே மாதிரி போயின. ஆளுநருக்கு முன்னால் நிற்கும் எதிரியைவிடப் பின்னால் இருக்கும் அரண்மனை அதிகப் பயம் தந்தால், எல்லைக் கோட்டை எதிரிக்குப் போய்ச் சேரும். உள்நாட்டு மாகாண ஆளுநர் பயந்தால் ஓட இடமில்லை. எல்லை ஆளுநருக்கு இடம் இருக்கிறது. கையில் கொடுப்பதற்குப் பரிசும் இருக்கிறது.

1704ல் இந்த முறை காந்தஹாருக்குப் பொருந்தாததற்கு இன்னொரு காரணம், அங்கே சுற்றியிருந்தது கிசில்பாஷ் குலம் இல்லை, சுன்னி ஆப்கானியர்கள். ஹெராத்தில் ஷாம்லுகளுக்கு இருந்த வேர் இங்கே யாருக்கும் இல்லை.

குலாம்

காக்கேசியாவிலிருந்து அடிமையாக வந்து அரண்மனையில் வளர்ந்த ஜார்ஜிய, ஆர்மீனிய, சர்க்காசியர்களுக்குக் குலாம்கள் என்று பெயர். முதலாம் அப்பாஸ் கிசில்பாஷ்களின் கையை ஒடுக்க இவர்களைத்தான் உயர்த்தினார். 1595ல் அல்லாவர்தி கான் ஃபார்ஸ் ஆளுநரானது திருப்புமுனை. குலாமுக்கு மாகாணத்தில் குலம் கிடையாது, மந்தை கிடையாது. பதவி போனால் எல்லாம் போச்சு. அதனால் அரண்மனையோடு ஒட்டியிருப்பார் என்பது கணக்கு.

கணக்கு பாதி சரி. அல்லாவர்திக்குப் பின் 1613ல் மகன் இமாம் குலியே வந்தார். மஷ்ஹதில் கர்ச்சகாய் கான் 1625ல் ஜார்ஜியாவில் கொல்லப்பட்டதும் மகன் மனூச்செஹ்ர் கான் ஆளுநரானார். பத்துப் பதினைந்து ஆண்டு ஓரிடத்தில் விட்டால் குலாமுக்கும் குலம் உண்டாகிவிடும். இமாம் குலியின் தம்பி தாவூத் கான் கஞ்சாவில் கலகம் செய்து, கடைசியில் உதுமானியரிடம் ஓடினார். ஆனாலும் மற்ற வழிகளோடு ஒப்பிட்டால் குலாமைத் திருத்துவது எளிது. மாற்றல் செய்யலாம்; மகனை அரண்மனைச் சேவையில் வைத்துக்கொள்ளலாம்; உள்ளூர் இனச் சண்டையில் அவருக்குப் பக்கம் எதுவும் இல்லை. படைச் சம்பளத்துக்கு உள்ளூர் வருவாய் போதாதபோது கருவூலம் பணம் அனுப்பினால் மட்டுமே இது ஓடும். தனக்கென்று ஆளும் மந்தையும் இல்லாதவர் வேறெங்கே போய்ப் பணம் புரட்டுவார்? உள்ளூர்க்காரனைத்தான் பிழிவார்.

வெறும் வசீர் போதுமா?

இதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம்: எல்லைக்கு ஆகாது. சாரு தகி காலத்திலிருந்து அரண்மனை ஒவ்வொரு மாகாணமாக, படை வைத்திருக்கும் ஆளுநரை நீக்கி, வரி வசூலிக்கும் வசீரை அனுப்பிக் காஸ்ஸா என்ற நேரடி அரச நிலமாக மாற்றிக்கொண்டே வந்தது. 1632க்குப் பின் ஃபார்ஸ், 1658ல் கெர்மான். 1639ல் உதுமானியரோடு உடன்படிக்கை, 1653க்குப் பின் முகலாயர் வரவில்லை. போரே இல்லாதபோது ஆளுநருக்கும் படைக்கும் ஏன் தண்டச் செலவு என்ற வாதம் கேட்க நன்றாகவே இருந்தது. ரொக்கம் இஸ்பஹானுக்கு வந்தது. வசீர் எத்தனை நாள் இருப்போமோ என்று அவசரமாகக் கறந்தார். படை கரைந்தது. பலூச்சிகள் கெர்மானில் துணிந்து நுழைந்ததும், 1719ல் கில்சாய் மஹ்மூத் அதே ஊருக்குள் சுலபமாகப் புகுந்ததும் இதன் விளைவு. கெர்மான் என்பது காந்தஹாருக்குப் பின்வாசல். முன்வாசலில் காவல் போட்டுப் பின்வாசலைத் திறந்து வைத்தார்கள்.

மீதியிருந்த படையும் தாளில்தான் இருந்தது. 1666ல் நடந்த படைப் பார்வையிடலில் அதே குதிரை, அதே ஆயுதம், அதே ஆட்கள் பத்துப் பன்னிரண்டு முறை ஷாவின் முன்னால் கடந்து போனதைப் பிரெஞ்சுப் பயணி ஷார்தான் பதிந்திருக்கிறார்.

பரம்பரை வாலி

ஜார்ஜியா, அரபிஸ்தான், லூரிஸ்தான், குர்திஸ்தான் ஆகிய நான்கிலும் உள்ளூர் அரச குடும்பமே ஷாவின் பெயரால் ஆண்டது. இதில் ஜார்ஜியாவின் ஒரு பகுதியான கார்ட்லி நல்ல பாடம். 1633 வாக்கில் அங்கே அமர்ந்த ரோஸ்தம் கான், பக்ராத் வம்சத்து இளவரசர், இஸ்லாமியர், இஸ்பஹானில் தாருகாவாக, அதாவது நகர நிர்வாகியாக, இருந்தவர். ஜார்ஜியப் பிரபுக்களின் உரிமையைத் தொடவில்லை. தேவாலயத்தைச் சீண்டவில்லை. மரியம் தாதியானியை இஸ்லாமிய முறைப்படியும் தேவாலயத்திலும் மணந்தார். திப்லிஸ் கோட்டையில் இரானியக் காவல்படை இருந்தது. 1658ல் அவர் இறக்கும்வரை நாடு அமைதியாக இருந்தது. அதே சமயம் பக்கத்துக் ககேத்தியில் கானை வைத்து, நாடோடிக் குலங்களைக் கொண்டுவந்து குடியேற்றப் பார்த்தார்கள். 1659ல் பெருங்கலகம் வெடித்து அந்தத் திட்டமே கைவிடப்பட்டது.

அப்படியானால் காந்தஹாருக்கும் ஓர் ஆப்கானிய வாலி? உள்ளூரில் அதற்கு ஆள் இருந்தார்: கில்சாய் ஹோத்தக் குலத்து மீர்வைஸ், ஊரின் கலான்தர், அதாவது நகரத் தலைவர், இந்தியாவோடு பெரிய வியாபாரம் செய்தவர். ஆனால் வாலி முறைக்குத் தேவை எல்லோரும் ஒப்புக்கொண்ட ஒரே அரச குடும்பம். இங்கே கில்சாயை உயர்த்தினால் அப்தாலிக்கு ஆகாது. அப்தாலியை உயர்த்தினால் கில்சாய்க்கு ஆகாது. கோட்டையும் அவரிடமே போய்விட்டால் அதன் பெயர் வாலி ஆட்சி இல்லை, தனி நாடு.

அரண்மனை எடுத்த முடிவு, ஏன் அது தவறு

அரண்மனை அனுப்பியது குர்கின் கானை. கார்ட்லியின் மன்னர் பதினோராம் கியோர்கி அவரே. 1688ல் ஷா அவரைப் பதவியிறக்கி, 1699ல் கெர்மானுக்கு அனுப்பி, பலூச்சிகளை அடக்கவைத்து, 1703ல் கார்ட்லியைத் திருப்பிக் கொடுத்தார். ஆனால் ஊருக்குப் போக விடவில்லை. திப்லிஸில் தம்பி மகன் வக்தாங் அவர் சார்பில் ஆண்டார். படைத்தலைமையில் அவரைக் குறை சொல்ல முடியாது. பார்வைக்கு இது நல்ல தேர்வுதான்.

உண்மையில் இது இரண்டு முறைகளின் கெட்ட பாதிகளைச் சேர்த்துக் கட்டிய முடிச்சு. வாலியின் பலம் சொந்த மண்ணில், அதைப் பிடுங்கிவிட்டார்கள். குலாமின் நன்மை அவருக்கெனத் தனிப்படை இல்லாதது. இவரோ சொந்த ஜார்ஜியப் படையோடு வந்தார். அந்தப் படை கில்சாய்களை வென்ற நாட்டு மக்கள்போல் நடத்தியது. முறையிட்டவர்களுக்கு இஸ்பஹானில் காது கொடுக்க ஆளில்லை. குர்கின் மீர்வைஸைப் பிடித்து இஸ்பஹானுக்கு அனுப்பினார், அங்கேயே வைத்துக்கொள்ளுங்கள் என்ற எச்சரிக்கையோடு. அங்கே மீர்வைஸ் ஷாவின் நம்பிக்கையைப் பெற்றார். மெக்காவுக்குப் போய், கலகம் செய்யலாம் என்ற மதத் தீர்ப்பும் வாங்கி வந்தார். அந்தச் சமயம் ரஷ்ய மன்னர் பீட்டரின் தூதராக ஆர்மீனியர் இஸ்ராயேல் ஓரி இஸ்பஹான் வர, ரஷ்யரும் ஜார்ஜியரும் கைகோர்ப்பார்கள் என்ற பயத்தை மீர்வைஸ் ஊதிவிட்டார். அரண்மனை தன் ஆளுநரைக் கண்காணிக்க, அவருடைய எதிரியையே காந்தஹாருக்குத் திருப்பி அனுப்பியது! 1709 ஏப்ரலில் ஜார்ஜியப் படையின் பெரும்பகுதி காக்கர்கள் மீது போயிருந்தபோது குர்கின் கொல்லப்பட்டார். 1711ல் மீட்க வந்த அவர் தம்பி மகன் கைகுஸ்ரோவும் தோற்று மாண்டார்.

இருந்த வழிகளில் எது? குலாம் ஒருவரை, நான்கைந்து ஆண்டுத் தவணையில், மகன் இஸ்பஹானில் மரியாதையோடு இருக்க, கோட்டைச் சாவியை அவரிடம் தராமல் அனுப்பியிருக்கலாம் என்பதே இந்த ஒப்பீட்டில் தேறுவது. மீர்வைஸைக் கலான்தராகவே விட்டு, சாலைக்காவலையும் அதற்கான பங்கையும் கில்சாய், அப்தாலி இருவருக்கும் பிரித்துக் கொடுத்திருக்கலாம். சுங்கவரி வசீரிடம், காவல்படைச் சம்பளம் கருவூலத்திலிருந்து ரொக்கமாக. கெர்மானை மீண்டும் படை வைத்திருக்கும் ஆளுநரிடம் கொடுப்பது இதோடு சேர்ந்தே நடக்க வேண்டும். இதில் செலவு உண்டு. அந்தச் செலவை மிச்சம் பிடித்த அரண்மனை 1722 அக்டோபரில், மாதக்கணக்கில் பட்டினி கிடந்த தலைநகரிலிருந்து வெளியே வந்து, மீர்வைஸின் மகன் மஹ்மூதிடம் முடியைக் கழற்றிக் கொடுத்தது.

1738ல் நாதிர் ஷா காந்தஹாரைப் பிடித்தபோது ஆறாவது வழியைத் தேர்ந்தெடுத்தார். பழைய ஊரை இடித்தார். கில்சாய்களைக் கொராசானுக்குப் பெயர்த்தார். அவர்கள் நிலத்தை அப்தாலிகளுக்குக் கொடுத்து, அந்த இனத்தைச் சேர்ந்த அப்துல் கனி கானையே ஆளுநராக்கினார். நாதிர் உயிரோடு இருந்தவரை அந்த ஏற்பாடு நின்றது. 1747ல் அவர் கொல்லப்பட்டதும், அவர் படையில் இருந்த அப்தாலி இளைஞர் அஹமத் கான் நேரே காந்தஹாருக்கு வந்து, அங்கேயே ஷாவாக முடிசூட்டிக்கொண்டார்.